வாசகர் கேள்வி-பதில்: புதிய கோப்பையை முதலில் ஏந்திய ஜிம்மி ஸ்பியர்ஸ்

சென்ற இதழில் இங்கிலாந்தின் கால்பந்துக் குழுக்கள் ஆண்டுதோறும் மோதும் எஃப்.ஏ. கோப்பையைப் பற்றிய ஒரு கேள்விக்கு விடை எழுதியபோது, இன்று நாம் படங்களில் காணும் வடிவத்திலுள்ள கோப்பையை 1911-இல் முதன்முதலாக வென்ற அணித்தலைவர் ஜிம்மி ஸ்பியர்ஸ் என்னும் ஸ்காட்லாந்துக்காரர் என்றும், அந்த இறுதி ஆட்டத்தின் ஒரே கோலை அடித்தவரும் அவரே என்றும் ஒரு வரியில் குறிப்பிட்டிருந்தேன். அந்த ஒரு வரியைப் பற்றிக்கொண்டு பல கடிதங்கள் வந்துள்ளன. எனக்கும் நெடுநாளாக விருப்பமான மனிதர் என்பதால், இம்முறை பகுதி முழுவதையும் அவருக்கே ஒதுக்கியிருக்கிறேன்.

கேள்வி (மதுரை வாசகர்): ஸ்பியர்ஸ் எந்த ஊரில் பிறந்தார்? எந்தெந்தக் குழுக்களுக்கு ஆடினார்?

பதில்: ஜேம்ஸ் ஹாமில்டன் ஸ்பியர்ஸ் 1886 மார்ச் 22 அன்று ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோவில் பிறந்தார். கப்பல் கட்டும் தளங்களும் இரும்புப் பட்டறைகளும் நிறைந்த அந்த நகரத்தில், சனிக்கிழமை நண்பகல் வேலை முடிந்ததும் தொழிலாளர் கூட்டம் நேரே கால்பந்துத் திடலுக்குப் போவது வழக்கமாக இருந்த காலம் அது. அன்னன்டேல், மேரிஹில் ஆகிய உள்ளூர்க் குழுக்களில் ஆடிப் பழகிய அவரை 1905-இல் ரேஞ்சர்ஸ் சேர்த்துக்கொண்டது. அங்கே மூன்று பருவங்கள் முன்வரிசையில் ஆடினார். ஆனால் அதே ஊரின் மற்றொரு பெருங்குழுவான செல்டிக் 1905 முதல் 1910 வரை தொடர்ந்து ஆறு முறை ஸ்காட்டிஷ் லீக் பட்டத்தை வென்ற காலத்தில் அவர் ரேஞ்சர்ஸ் சட்டை அணிந்திருந்தார் என்பதால், லீக் பட்டம் அவர் கைக்கு எட்டவில்லை.

1908-இல் கிளைடு என்ற சிறிய கிளாஸ்கோ குழுவுக்கு மாறினார். பெரிய குழுவிலிருந்து சிறிய குழுவுக்குப் போனது சறுக்கல் என்று தோன்றலாம். ஆனால் அந்த 1908-09 பருவத்தில் கிளைடு செல்டிக், டண்டீ ஆகிய இரண்டுக்கு மட்டுமே பின்தங்கி லீக்கில் மூன்றாம் இடம் பெற்றது. அடுத்த ஆண்டே இங்கிலாந்தின் பிராட்ஃபோர்டு சிட்டி அவரை அழைத்துக்கொண்டது. 1912 டிசம்பரில் பக்கத்து நகரமான லீட்ஸின் லீட்ஸ் சிட்டிக்குச் சென்றார். முதல் உலகப் போரால் 1915-இல் போட்டிகள் நிறுத்தப்பட்டபோது அவருடைய ஆட்டவாழ்வும் முடிந்தது. அவருக்கு அப்போது 29 வயது.

கேள்வி (கோயம்புத்தூர் வாசகி): அவர் முன்கள ஆட்டக்காரர் என்கிறீர்கள். ஆனால் கோல் எண்ணிக்கையைப் பார்த்தால் இன்றைய முன்கள ஆட்டக்காரர்களோடு ஒப்பிட முடியவில்லையே?

பதில்: ஒப்பிடவே கூடாது என்பது என் கருத்து, ஏனென்றால் அன்று ‘முன்கள ஆட்டக்காரர்’ என்ற சொல் குறித்த வேலையே வேறு. பின்னால் இருவர், நடுவில் மூவர், முன்னால் ஐவர் என்று ஓர் அணி நின்றது. முன்னால் நின்ற ஐவரில் இரு ஓரங்களிலும் நின்றவர்கள் கோட்டை ஒட்டி ஓடிப் பந்தை உள்ளே அனுப்புவார்கள். நடுவில் நின்றவர் உடல் வலிமையோடு கோலை நோக்கிப் பாய்வார். ஓரத்துக்கும் நடுவுக்கும் இடையில் நின்ற இருவர்தான் ‘இன்சைடு ஃபார்வர்டு’ எனப்பட்டவர்கள். பின்னாலிருந்து பந்தை வாங்கி, எதிரியை ஏமாற்றி, யாருக்கு எப்போது தர வேண்டும் என்று முடிவு செய்வது அவர்கள் வேலை. ஸ்பியர்ஸ் அந்த இடத்தின் ஆட்டக்காரர்.

இதோடு அன்றைய ஆஃப்சைடு விதியையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். பந்து முன்னோக்கி அனுப்பப்படும் வேளையில், அதை வாங்கப்போகிறவருக்கும் கோல் கோட்டுக்கும் இடையில் எதிரணியினர் மூவராவது இருக்க வேண்டும் என்பது விதி. 1925-இல்தான் அது இருவர் என்று குறைக்கப்பட்டது. கோல்கீப்பரைக் கழித்தால், பின்காவலர் இருவரில் ஒருவர் சற்று முன்னேறி நின்றாலே போதும், முன்வரிசை முழுவதும் சிக்கிக்கொள்ளும். அத்தகைய நெருக்கடியில் பந்தைக் காலோடு ஒட்டவைத்துக்கொண்டு, தக்க நொடி வரும்வரை பொறுத்திருந்து தட்டிவிடும் நிதானம் உள்ளவருக்கே மதிப்பு இருந்தது. ஸ்காட்லாந்து இத்தகையவர்களை ஏராளமாக வளர்த்தது. தனித்து ஓடுவதைவிடக் குறுகிய பாஸ்களால் முன்னேறுவதே அந்நாட்டு ஆட்டத்தின் பழைய அடையாளம். பிராட்ஃபோர்டில் ஏறத்தாழ மூன்று ஆட்டங்களுக்கு ஒரு கோல், லீட்ஸ் சிட்டியில் 73 லீக் ஆட்டங்களில் 32 கோல் என்பது, மற்றவர்களுக்குப் பந்து கொடுப்பதையே முதல் வேலையாகக் கொண்ட ஒருவருக்கு மிக நல்ல கணக்கு.

கேள்வி (திருநெல்வேலி வாசகர்): இவ்வளவு திறமை இருந்தும் ஸ்காட்லாந்துக்காக ஒரே ஓர் ஆட்டம்தான் ஆடினாராமே?

பதில்: உண்மை. 1908 மார்ச் 7 அன்று டண்டீ நகரின் டென்ஸ் பார்க்கில் வேல்ஸுக்கு எதிராக ஆடினார். ஸ்காட்லாந்து 2-1 என்று வென்றது. அவர் கோல் அடிக்கவில்லை. ஆனால் அன்று ஸ்காட்லாந்துக்கு ஆண்டுக்கு மூன்றே ஆட்டங்கள்தாம்: வேல்ஸ், அயர்லாந்து, இங்கிலாந்து. அவ்வளவுதான் பன்னாட்டுக் கால்பந்து. அந்த மூன்றுக்கும் ஆட்களைப் பொறுக்கியது பயிற்சியாளர் அல்லர், ஸ்காட்லாந்துக் கால்பந்துச் சங்கத்தின் தேர்வுக்குழு. அதே முன்வரிசை இடங்களுக்கு ஹார்ட்ஸின் பாபி வாக்கரும் செல்டிக்கின் ஜிம்மி மெக்மெனெமியும் போட்டியிட்ட காலத்தில், ஒருமுறை அழைக்கப்பட்டதே சிறிய பெருமை அல்ல. ஒரே ஆட்டம் என்ற எண்ணை வைத்து அவரைக் குறைத்து எடைபோடுவது நியாயமாகாது.

கேள்வி (சேலம் வாசகர்): 1911 இறுதி ஆட்டத்தில் என்ன நடந்தது? அந்தக் கோலைப் பற்றி விரிவாக எழுத வேண்டுகிறேன்.

பதில்: மகிழ்ச்சியோடு எழுதுகிறேன். முதலில் இரண்டு அணிகளின் நிலையைச் சொல்ல வேண்டும். நியூகாசில் யுனைடெட் அந்தப் பத்தாண்டின் மிகச் சிறந்த ஆங்கிலேயக் குழு. 1905, 1907, 1909 ஆகிய ஆண்டுகளில் லீக் பட்டம். 1905 தொடங்கி 1911-க்குள் ஐந்தாம் முறையாக இறுதி ஆட்டம். முந்தைய ஆண்டின் கோப்பையும் அவர்களிடமே இருந்தது. பிராட்ஃபோர்டு சிட்டியோ, மானிங்ஹாம் என்ற ரக்பி குழு கால்பந்துக்கு மாறியதால் 1903-இல் பிறந்தது; எட்டு வயதுக் குழந்தை. ஆனாலும் அந்தப் பருவத்தில் லீக்கின் உச்ச மட்டமான முதல் டிவிஷனில் ஐந்தாம் இடம் பிடித்தது. அதைவிட உயர்ந்த இடத்தை அக்குழு இன்றுவரை எட்டியதில்லை. மேலாளர் பீட்டர் ஓ’ரூர்க் ஸ்காட்லாந்துக்காரர். கோப்பை வென்ற பதினொருவரில் எண்மர் ஸ்காட்லாந்துக்காரர். யார்க்‌ஷயரின் கம்பளி ஆலை நகரம் ஒன்று ஏறக்குறைய ஒரு ஸ்காட்டிஷ் அணியை வைத்துக்கொண்டுதான் இங்கிலாந்தின் கோப்பையைப் பிடித்தது.

அவர்கள் இறுதிக்கு வந்த வழியைப் பார்த்தால் அணியின் இயல்பு விளங்கும். நியூ பிராம்ப்டனை 1-0, நார்விச்சை 2-1, கிரிம்ஸ்பியை 1-0, பர்ன்லியை 1-0 என்று வென்று, அரையிறுதியில் பிளாக்பர்னை 3-0 என்று வீழ்த்தினார்கள். வாரி இறைக்கும் அணி அன்று. ஒன்றைப் பெற்றுவிட்டால் அதை விடாமல் காக்கும் அணி.

முதல் இறுதி ஆட்டம் ஏப்ரல் 22 அன்று லண்டனின் கிரிஸ்டல் பேலஸ் திடலில் நடந்தது. கோல் எதுவும் விழவில்லை. நியூகாசிலுக்கு அந்தத் திடல் ஒருபோதும் இசையவில்லை. ஐந்து இறுதிகளை அங்கே ஆடி மூன்றில் தோற்று இரண்டைச் சமன் செய்தது, ஒன்றிலும் வெல்லவில்லை. தவிர, அதன் முதன்மைக் கோல்வீரர் ஆல்பர்ட் ஷெப்பர்டும், நடுவரிசையின் தூணான பீட்டர் மெக்வில்லியமும் அந்தப் பருவத்தில் காயமுற்று ஆட இயலாதிருந்தார்கள். பிராட்ஃபோர்டின் வெற்றியைப் பேசும்போது இதையும் மறைக்காமல் சொல்வதே நேர்மை.

மறு ஆட்டம் நான்கு நாள் கழித்து, ஏப்ரல் 26, புதன்கிழமை, மான்செஸ்டரின் ஓல்டு டிராஃபோர்டில். பிராட்ஃபோர்டிலிருந்து அது ரயிலில் போய் வரக்கூடிய தூரம் என்பதால் ஆலைத் தொழிலாளர்கள் பெருங்கூட்டமாக வந்து குவிந்தார்கள். ஏறத்தாழ பதினைந்தாம் நிமிடத்தில் நியூகாசிலின் கோல் முன்பாகப் பந்து உயரமாக வந்தது. ஸ்பியர்ஸ் அதைத் தலையால் முட்டினார். அதே நொடியில் நடுமுன்கள ஆட்டக்காரரான ஃபிராங்க் ஓ’ரூர்க் கோலை நோக்கிப் பாய்ந்துகொண்டிருந்தார். அன்றைய விதிப்படி கோல்கீப்பரைத் தோளால் மோதித் தள்ளலாம்; ஆகவே தன்னை நோக்கி வருபவரைப் பார்ப்பதா, பந்தைப் பார்ப்பதா என்ற இக்கட்டு அக்காலக் கோல்கீப்பர் ஒவ்வொருவருக்கும் உண்டு. நியூகாசிலின் ஜிம்மி லாரன்ஸ் ஓ’ரூர்க்கைக் கவனித்தார்; பந்து உள்ளே போய்விட்டது.

வலையைக் கிழிக்கும் வகைக் கோல் அன்று அது. இதைச் சிலர் அதிர்ஷ்டக் கோல் என்று எழுதுகிறார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. நெருக்கத்தில் வந்த பந்தை ஓங்கி முட்டாமல், கோல்கீப்பர் தடுமாறும் இடத்துக்கு அனுப்பியதில் ஓர் இன்சைடு ஃபார்வர்டின் மூளை தெரிகிறது. மீதமுள்ள எழுபத்தைந்து நிமிடங்களும் பிராட்ஃபோர்டு தன் அரணைக் காத்தது. அதில் நடுக்காவலர் பாப் டோரன்ஸின் பங்கு மிகப் பெரியது. முதல் இறுதியில் ஆடிய வில்லி கில்டேயாவுக்குப் பதிலாக மறு ஆட்டத்தில் இறக்கப்பட்டவர் அவர். நியூகாசிலின் தாக்குதலை ஒன்று விடாமல் முறித்தார். ஆட்டம் முடிந்ததும் அணித்தலைவர் என்ற முறையில் ஸ்பியர்ஸ் கோப்பையைப் பெற்றுக்கொண்டார். பிராட்ஃபோர்டு சிட்டியின் வரலாற்றில் இன்றுவரை அது ஒன்றுதான் முதன்மையான பெருங்கோப்பை. அதற்கான ஒரே கோலும் அவர் தலையிலிருந்து வந்தது.

கேள்வி (புதுச்சேரி வாசகி): அந்தக் கோப்பையே பிராட்ஃபோர்டில்தான் செய்யப்பட்டது என்பது கட்டுக்கதையா?

பதில்: கட்டுக்கதை அன்று. முதல் கோப்பை 1895-இல் பர்மிங்ஹாமில் ஒரு கடையின் காட்சிச் சாளரத்திலிருந்து களவு போனது. இரண்டாவது, இங்கிலாந்துக் கால்பந்துச் சங்கத் தலைவர் கின்னேர்டு பிரபுவுக்கு அன்பளிப்பாக வழங்கப்பட்டது. மூன்றாவதை 1911-இல் செய்து கொடுத்தது பிராட்ஃபோர்டு நகரின் ஃபத்தோரினி என்னும் நகை நிறுவனம். அதை முதலில் வென்றதும் அதே ஊர்க் குழுவானது வெறும் தற்செயல்தான்.

கேள்வி (சென்னை வாசகர்): கோப்பை வென்று கொடுத்த அணித்தலைவரைப் பிராட்ஃபோர்டு ஏன் விற்றது? அவருக்கு அதில் பெரும் பணம் கிடைத்ததா?

பதில்: லீட்ஸ் சிட்டி பிராட்ஃபோர்டுக்குக் கொடுத்த தொகை 1,400 பவுண்டு. 1905-இல் ஆல்ஃப் காமன் என்ற ஆட்டக்காரரை வாங்க 1,000 பவுண்டு தரப்பட்டதே நாட்டையே வாயடைக்க வைத்த செய்தி என்பதை நினைத்துப் பார்த்தால், 26 வயதான ஒரு முன்கள ஆட்டக்காரருக்கு எவ்வளவு மதிப்பு வைக்கப்பட்டது என்பது புரியும். ஆனால் அந்தப் பணம் குழுவிலிருந்து குழுவுக்குப் போனது; ஆட்டக்காரருக்கு அன்று. 1901 முதல் இங்கிலாந்தில் வாரத்துக்கு நான்கு பவுண்டுக்கு மேல் சம்பளம் தரக்கூடாது என்ற உச்சவரம்பு இருந்தது. 1910-க்குப் பிறகு நீண்ட காலம் பணியாற்றியவர்களுக்கு மட்டும் ஐந்து பவுண்டு வரை உயர்த்த இடம் கொடுக்கப்பட்டது. ஒப்பந்தம் முடிந்தாலும் பழைய குழு விடுவிக்காமல் வேறு குழுவுக்கு ஆட முடியாது. ஐம்பதாயிரம் பேர் கட்டணம் கட்டிப் பார்க்க வந்த ஆட்டத்தை வென்று கொடுத்தவருக்கு ஒரு தேர்ந்த கைவினைஞரின் கூலியைப்போல் இரு மடங்கு கிடைத்திருக்கும், அதற்கு மேல் இல்லை. இதை எழுதும்போதே எனக்கு வருத்தமாக இருக்கிறது.

லீட்ஸில் அவரை வாங்கியவர் ஹெர்பர்ட் சாப்மன். பின்னாளில் ஹடர்ஸ்ஃபீல்டையும் ஆர்சனலையும் இங்கிலாந்தின் உச்சிக்கு உயர்த்திய அதே சாப்மன், அப்போது லீட்ஸ் சிட்டியில்தான் லீக் மேலாளராகத் தொடங்கியிருந்தார். பிராட்ஃபோர்டிலிருந்து ஈவ்லின் லிண்டட் என்ற இங்கிலாந்து ஆட்டக்காரரையும் அவர் முன்னரே அழைத்து வந்திருந்தார். ஸ்பியர்ஸ் வந்தபின் அணி நிமிர்ந்தது. 1913-14 பருவத்தில் லீட்ஸ் சிட்டி இரண்டாம் டிவிஷனில் நான்காம் இடம் பெற்று, முதல் டிவிஷனுக்கு உயரும் வாய்ப்பை இரண்டே புள்ளிகளால் தவறவிட்டது. சாப்மன் நுணுக்கம் தெரிந்தவர். கிழவராகிக்கொண்டிருந்த ஒரு கோப்பை நாயகரின் பெயருக்காக அவர் 1,400 பவுண்டு கொடுத்திருக்க மாட்டார். ஸ்பியர்ஸின் திறமைக்கு நான் காட்டும் சான்றுகளில் வலுவானது இதுவே.

அந்த ஆண்டுகள் இன்று மறக்கப்பட்டதற்கு ஒரு காரணம் உண்டு. போர்க்காலத்தில் ஆட்டக்காரர்களுக்கு விதிக்குப் புறம்பாகப் பணம் கொடுத்ததாகக் குற்றம் சாட்டப்பட்டு, கணக்கேடுகளைக் காட்ட மறுத்ததால், லீட்ஸ் சிட்டி 1919 அக்டோபரில் லீக்கிலிருந்து நீக்கப்பட்டுக் கலைந்தது. அதன் ஆட்டக்காரர்கள் ஒரு ஹோட்டலில் ஏலம் விடப்பட்டார்கள். குழுவே இல்லாமல் போன பிறகு, அதற்கு ஆடியவர்களை நினைவில் வைக்க ஆதரவாளர் கூட்டமும் இல்லாமல் போயிற்று.

கேள்வி (தஞ்சாவூர் வாசகர்): போருக்குப் போகாமல் இருந்திருக்கலாம் என்று எங்கோ படித்தேன். அப்படியானால் ஏன் போனார்?

பதில்: 1915 மே மாதம் அவர் படையில் சேர்ந்தபோது பிரிட்டனில் கட்டாய ஆள்சேர்ப்பு இல்லை. அவர் மணமானவர், சிறு குழந்தைகளின் தந்தை. 1916 தொடக்கத்தில் வந்த முதல் சட்டமும் மணமாகாதவர்களை மட்டுமே அழைத்தது. அதே ஆண்டின் மே மாதத்தில் அது மணமானவர்களுக்கும் விரிவாக்கப்பட்டது என்பதால், கடைசிவரை தப்பியிருப்பார் என்று சொல்வது சரியாகாது. ஓராண்டு தள்ளிப்போட்டிருக்கலாம் என்று மட்டுமே சொல்லலாம். ஆனால் அவர் தாமே முன்வந்தார் என்பதில் ஐயமில்லை.

காலச்சூழலையும் பார்க்க வேண்டும். போர் மூண்ட பிறகும் 1914-15 பருவம் முழுவதும் லீக் நடந்தது. இளைஞர்கள் அகழிகளில் சாகும்போது சம்பளத்துக்குப் பந்து உதைக்கிறார்கள் என்று பத்திரிகைகளும் மேடைகளும் ஆட்டக்காரர்களைத் தூற்றின. பருவம் முடிந்ததும் லீக் நிறுத்தப்பட்டது. ஸ்பியர்ஸ் ஸ்காட்லாந்துக்குத் திரும்பி, கேமரன் ஹைலேண்டர்ஸ் படைப்பிரிவில் சாதாரணச் சிப்பாயாகச் சேர்ந்தார். பிரான்ஸில் ஒருமுறை காயமடைந்து மீண்டும் களத்துக்குப் போனார். 1917-இல் வீரத்துக்கான மிலிட்டரி மெடல் பதக்கம் பெற்றார்; சார்ஜெண்டாகவும் உயர்ந்தார். ஆகஸ்ட் மாதம் பெல்ஜியத்தின் ஈப்பர் பகுதியில், பாஸ்சென்டேல் போர் என்று நாம் அறியும் சேற்றுப் போரில் அவருடைய படைப்பிரிவு இருந்தது. தொடர்மழையும் இடைவிடாத பீரங்கி வீச்சும் அந்த வயல்களைக் காலை உள்ளிழுக்கும் சேறாக்கியிருந்தன. 1917 ஆகஸ்ட் 20 அன்று, தமது 31-ஆம் வயதில், ஸ்பியர்ஸ் அங்கே உயிரிழந்தார்.

அவரோடு ஆடியவர்களில் லிண்டட் அதற்கு முன்னரே, 1916 ஜூலை 1 அன்று, சோம் போரின் முதல் நாளில் வீழ்ந்திருந்தார். மறு ஆட்டத்தில் நியூகாசிலை அடக்கிய டோரன்ஸ் 1918-இல் ஈப்பர் அருகே கொல்லப்பட்டார்.

கேள்வி (ஈரோடு வாசகி): அவருடைய பதக்கங்கள் குடும்பத்திடம் இருக்கின்றனவா? கல்லறை எங்கே?

பதில்: கோப்பைப் பதக்கம் 2003-இல் ஏலத்துக்கு வந்து 26,000 பவுண்டுக்கு மேல் விலைபோனது. அவரை வாங்க லீட்ஸ் சிட்டி கொடுத்த தொகை 1,400 பவுண்டு என்பதை இதன் அருகில் வைத்துப் பார்க்கத் தோன்றுகிறது. ஆனால் தொண்ணூறு ஆண்டு விலைவாசி இடையில் இருப்பதால் அந்த ஒப்பீட்டில் பொருளில்லை.

அவருடைய உடல் போர் முடிந்த பிறகுதான் அடையாளம் காணப்பட்டது. ஈப்பர் அருகிலுள்ள டோகி ஃபார்ம் என்னும் பிரிட்டிஷ் போர்வீரர் கல்லறைத் தோட்டத்தில் அடக்கம் செய்யப்பட்டிருக்கிறார். போர்க்களத்தின் பல மூலைகளிலிருந்து எடுத்துவரப்பட்ட உடல்களுக்காகப் பின்னர் அமைக்கப்பட்ட இடம் அது. அங்கே பெயர் தெரியாதவர்களின் கல்லறைகளே மிகுதி. ஸ்பியர்ஸின் கல்லில் அவர் பெயர் இருக்கிறது.